“பொறுங்கோ, ஆள் வருது”

புதிதாக வேலைக்கு வந்திருக்கிற பிள்ளைகளுக்கு முதலில் ஒரு இரகசியம் சொல்கிறேன். நெடுந்தீவுக் கந்தோரில், மனேச்சரின் மேசைக்கு முன்னால், வருகிறவர்களுக்காகப் போட்டிருக்கிற கதிரையின் ஒரு கால் ஆடும். அதைத் திருத்திவிடாதீர்கள். நல்ல கதிரை போட்டால் சங்கத்து இயக்குநர்கள் எழும்ப மாட்டார்கள். ஓய்வு பெறும்வரை அந்தக் காலை ஆடவிட்டுத்தான் நான் இந்தப் படகுச் சங்கத்தை நடத்தினேன்.

இயந்திரம், டீசல், அனுமதிப்பத்திரம், பாதுகாப்பு அங்கி எல்லாம் உங்களுக்கு வேறு ஆட்கள் படிப்பித்திருப்பார்கள். வேலை செய்யாத கள்ளனை என்ன செய்வதென்றும் படிப்பித்திருப்பார்கள். அது சுகம், வேலையை விட்டுக் கலைத்துவிடலாம். வேலை சரிவராத நல்ல மனிசனை என்ன செய்வது? அதைத்தான் ஒருவரும் படிப்பிக்கிறதில்லை. எனக்கு முன் அந்த மேசையில் இருந்தவர் பொல்லாத வாய்க்காரர். சாவியைக் கையில் தரும்போது அவர் சொன்னது இவ்வளவுதான்: “பிள்ளை, கள்ளனைப் பிடிச்சா ஊர் உம்மடை பக்கம். நல்லவனைப் பிடிச்சா ஊர் முழுக்க உம்மடை வாசல்லை.” நான் அதைப் பகிடி என்று நினைத்துச் சிரித்தேன். மனிசன் சிரிக்கவில்லை.

சரி, தம்பிராசா அண்ணைக்கு வருவோம்.

தம்பிராசா அண்ணையின் பதவிக்குக் கந்தோரில் கரைப்பொறுப்பாளர் என்று பெயர். ஊரில் கயிற்றுக்காரர். காலைப் படகில் ஆட்களை ஏற்றி, போதும், காணும் என்ற அளவோடு நிறுத்தி, நேரம் வந்ததும் கரையில் கட்டியிருக்கும் கயிற்றை அவிழ்த்து, கையை உயர்த்த வேண்டும். அந்தக் கை உயராமல் படகு அசையக் கூடாது என்பது சங்கத்தின் பழைய முறை. படகு ஓட்டுகிற தண்டையலுக்குப் பின்பக்கம் தெரியாது, கரையில் நிற்கிறவருக்குத்தான் எல்லாம் தெரியும் என்று அந்தக் காலத்தில் யாரோ நல்ல யோசனையோடு வைத்த முறை. கரையில் நிற்கிறவருக்குக் கை உயராது என்று அவர்கள் யோசிக்கவில்லை.

மனிசனைப் பற்றிக் குறை சொல்ல என் வாய் கூசும். சங்கம் சம்பளம் கொடுக்க வழியில்லாமல் கிடந்த காலத்திலும் ஒரு நாள் தவறாமல் வந்தவர். புயலில் படகு கயிற்றை அறுத்துக்கொண்டு போனபோது சாறத்தை மடித்துக் கட்டிக்கொண்டு கடலில் குதித்தவர். குடி இல்லை, களவு இல்லை, கோள்மூட்டு இல்லை. படகில் ஏறுகிற கிழவிகளின் பையைத் தூக்குவார், குழந்தைகளைத் தூக்குவார், ஒருமுறை ஓர் ஆட்டுக் கிடாயையும் தூக்கினார். அது அவரை உதைத்தது. அதோடும் அவர் கோபிக்கவில்லை.

ஒரேயொரு குறைதான். அவருக்கு “போ” என்று சொல்லத் தெரியாது.

“பொறுங்கோ, ஆள் வருது” என்பார். பார்த்தால் வீதியில் ஒருவரும் வரமாட்டார்கள். “ஆர் அண்ணை வருது?” என்றால், “அன்னம்மாக்கா வெளிக்கிட்டிட்டா. சீப்போடை தலை இழுத்துக்கொண்டு நிக்கிறாவாம்” என்பார். அன்னம்மாக்கா தலை இழுத்து முடிக்க, அவவின் தமையன் வெற்றிலை வாங்க, தமையனின் மகன் விட்டுவிட்டு வந்த சார்ஜரை எடுக்கத் திரும்பிப் போக, படகில் ஏறியிருந்த சனம் வெயிலில் வாடும். ஆனால் ஒருவரும் வாய் திறந்து ஏசமாட்டார்கள். ஏனென்றால் போன கிழமை அவர்களுக்காகவும் படகு நின்றிருக்கும்! எங்கள் ஊரில் படகு ஆளுக்காக நிற்கும், அதுதான் மரியாதை. அந்த மரியாதைக்குக் கையும் காலும் முளைத்தது போன்றவர் தம்பிராசா அண்ணை. படகு போய்ச் சேருகிற குறிகாட்டுவானில் யாழ்ப்பாண பஸ் மட்டும் எங்கள் மரியாதையை மதிக்காமல் நேரத்துக்குப் போய்விடும்.

நான் சும்மா இருக்கவில்லை. முதலில் ஒரு கைமணிக்கூடு வாங்கிக் கட்டிவிட்டேன். மனிசனுக்குச் சந்தோசம் தாங்கவில்லை, பெரிய புளுகம். அடுத்த நாள் பார்க்கிறேன், தேத்தண்ணிக் கடையில் இருக்கிறவர்களுக்கு மணிக்கூட்டைக் காட்டி, “ஆறுதலாக் குடியுங்கோ, இன்னும் நேரம் கிடக்கு” என்று சொல்லிக்கொண்டு நிற்கிறார். பிறகு ஒரு மணி வாங்கி இறங்குதுறையில் தொங்கவிட்டேன். மணி அடித்தால் படகு போகும் என்று அறிவித்தோம். அவர் அந்த மணியைப் பிந்தி வருகிற ஆட்களைக் கூப்பிடப் பாவித்தார். ஆள் வந்து ஏறும்வரை அடித்துக்கொண்டே நிற்பார். கோயில் ஐயர் வந்து, எந்த மணி பூசைக்கு, எந்த மணி படகுக்கு என்று தெரியவில்லை என்று முறைப்பட்டுவிட்டுப் போனார்.

யாழ்ப்பாணத்தில் ஒரு ஹோட்டலில் முகாமைத்துவப் பயிற்சி வைத்தார்கள். மத்தியானச் சாப்பாடு திறம், அதைச் சொல்லத்தான் வேண்டும். பயிற்சி தந்த தம்பி சுவரில் நாலு பெட்டி போட்டுக் காட்டினார். வேலை நன்றாகச் செய்து பண்பும் உள்ளவன் ஒரு பெட்டி, வேலையும் இல்லை, பண்பும் இல்லை என்றவன் ஒரு பெட்டி, இப்படி. பண்பு உண்டு, வேலை இல்லை என்ற பெட்டிக்கு நேரே “பொருத்தமான வேறு பொறுப்பு வழங்குக” என்று எழுதியிருந்தது. வீட்டுக்கு வந்து அந்தப் பெட்டிக்குள் தம்பிராசா அண்ணையை இருத்திப் பார்த்தேன். காலை வெளியே நீட்டிக்கொண்டிருந்தார். ரிக்கற் கவுண்டரில் விட்டால் இடமில்லை என்று ஒருவருக்கும் சொல்லமாட்டார். சாமான் ஏற்றுகிற பக்கம் விட்டால் படகு தாழும். எங்கே விட்டாலும் மனிசன் ‘இல்லை’ என்று சொல்ல வேண்டிய இடம் ஒன்று வந்துவிடுகிறது. இந்தத் தொழிலே பாதி அதுதானே.

இப்படி இழுபட்டுக்கொண்டிருந்தபோதுதான் தென்மேல் காற்று அடிக்கிற அந்தச் சோளகக் காலம் வந்தது.

சோளகத்தில் விடியற்பக்கம் காற்று கொஞ்சம் கண்ணயர்ந்து கிடக்கும். வெயில் ஏற எழும்பிவிடும். அதற்கிடையில் கடந்தால் கடந்ததுதான். அன்று காலை கனடாவிலிருந்து வந்து நின்ற ஒருவர் திரும்பிப் போகிறார். படகில் ஏறி இருந்த பிறகுதான் தாய் சுற்றித் தந்த கருவாட்டுப் பொதியை வீட்டுக் குசினியில் விட்டுவிட்டு வந்தது ஞாபகம் வந்திருக்கிறது. “பொறுங்கோ” என்றார் தம்பிராசா அண்ணை. மச்சான்காரன் மோட்டார் சைக்கிளில் பறந்து போய் ஒரு பையோடு வந்தான். அவிழ்த்துப் பார்த்தால் காய்ந்த பனங்கிழங்கு, ஒடியல்! திரும்பவும் போனான். நான் கந்தோரிலிருந்து ஓடிப்போய், “அண்ணை, காற்று எழும்புது, விடுங்கோ” என்று கத்தினேன். “தாய் கட்டிக் குடுத்ததாம் பிள்ளை. மனிசி இனி எத்தினை முறை கட்டிக் குடுக்கப் போகுது?” என்றார். இதற்கு என்ன மறுமொழி சொல்வீர்கள்? பொதி வந்தது, கை உயர்ந்தது, படகு போனது.

நடுக்கடலில் அலை படகைத் தூக்கிப் போட்டிருக்கிறது. இருந்தவர்கள் முழுக்க நனைந்து, வயிற்றைப் பிரட்டிச் சத்தி எடுத்து, பிள்ளையாரையும் மாதாவையும் ஒன்றாகக் கூப்பிட்டிருக்கிறார்கள். ஓய்வுபெற்ற ரீச்சர் ஒருவர் இருந்த வாங்குப் பலகையிலிருந்து விழுந்து கை முறிந்தது. தண்டையல் ரூபன் கெட்டிக்காரன். அலைக்கு முகம் கொடுத்து, அவசரப்படாமல், ஓர் உயிரும் போகாமல் கொண்டுபோய்ச் சேர்த்தான். கருவாடும் பத்திரமாகப் போய்ச் சேர்ந்தது.

பின்னேரம் ரூபன் கந்தோருக்கு வந்தான். சட்டையில் உப்புப் பூத்திருந்தது. அந்த ஆடுகிற கதிரையில் இருக்கவில்லை. படகுச் சாவியை மேசையில் வைத்தான்.

“அக்கா, நாளைக்கு ஓடுறதுக்கு வேறை ஆளைப் பாருங்கோ.”

“தம்பி, கோவத்திலை கதையாதையும். இரும் முதல்ல.”

“கோவம் இல்லை அக்கா. அவர் பொறுக்கச் சொல்லுறார், நான் பொறுக்கிறன். சனம் அவரைக் கும்பிடுது. கடலுக்கை போனாப் பிறகு சனம் என்ரை முகத்தைத்தான் பாக்குது. இண்டைக்கு அந்தக் குழந்தையள் பாத்த பார்வை… எனக்கு ஏலாது. நயினாதீவுப் பக்கம் ஒருத்தர் வரச் சொல்லிக் கேக்கிறார். அங்கை நேரத்துக்குப் படகு விடுகினமாம்.”

பிள்ளைகளே, இந்த இடத்தைக் கவனியுங்கள். ஊர் முழுக்க தம்பிராசா அண்ணையின் நல்ல மனசைப் புகழ்ந்துகொண்டிருந்தது. அந்த நல்ல மனசுக்கு விலை கொடுத்துக்கொண்டிருந்தவன் இவன். ஒரு நாளும் முறைப்படாமல் வேலை செய்தவன். முறைப்பட்ட முதல் நாளே சாவியோடு வந்துவிட்டான். சோளகத்தில் அந்தப் படகை ஓட்டத் தெரிந்த வேறு ஆள் அப்போது எங்களிடம் இல்லை. ரூபன் போனால் காலைப் படகு இல்லை. காலைப் படகு இல்லையென்றால் கிளினிக்குக்குப் போகிறவர்கள், சோதனைக்குப் போகிற பிள்ளைகள், எல்லாரும் கரையில். “நாளைக்கு மட்டும் ஓடித் தாரும். அதுக்குள்ளை ஒரு முடிவு சொல்லுறன்” என்று கெஞ்சினேன். சாவியை எடுத்துக்கொண்டு போனான். முகத்தில் நம்பிக்கை இல்லை.

உடனே இயக்குநர்களைக் கூட்டினேன். அந்தக் கூட்டத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும்.

முதலாமவர் மேசையில் அடித்தார். “கலைக்க வேணும்! கட்டாயம் கலைக்க வேணும்!” பிறகு குரல் இறங்கியது. “ஆனா ஒண்டு, என்ரை கலியாணத்தண்டைக்குக் கூறைச்சீலையை வீட்டிலை விட்டிட்டுப் போயிட்டம். அண்டைக்கு அந்த மனிசன் படகை மறிச்சிருக்காட்டி…” இரண்டாமவர் தொடங்கினார். அவருடைய மகனின் சோதனை அனுமதி அட்டை. மூன்றாமவருக்கு ஒரு நாம்பன் மாடு. ஆளுக்காள் ஏசத் தொடங்கி, ஆளுக்காள் கண் கலங்கி முடித்தார்கள். தாட்சண்யம் தனநாசம் என்று எங்கள் ஆட்கள் வாயால் சொல்வார்கள், தங்கள் வீட்டு வாசலுக்கு வந்தால் மட்டும் அது வேறு யாருக்கோ சொன்ன பழமொழி. கடைசியில் பாம்புக்கும் நோகாமல் பாம்படித்த தடிக்கும் நோகாமல் ஒரு தீர்மானம் போட்டார்கள்: “மனேச்சர் தங்கச்சி நல்ல முடிவாய் எடுப்பா.” எல்லாரும் ஒரேயடியாகக் கை உயர்த்தினார்கள். அந்தக் கைகள் மட்டும் எவ்வளவு கெதியாக உயர்ந்தன!

நான் மட்டும் திறமோ? என் கதையையும் சொல்லத்தான் வேண்டும். அப்பாவை யாழ்ப்பாணம் ஆசுப்பத்திரியில் வைத்திருந்தபோது, நிலைமை கடுமை என்று காலையில் போன் வந்தது. நான் தலைவிரி கோலமாக இறங்குதுறைக்கு ஓடினேன். நேரம் எப்பவோ தப்பிவிட்டது. படகு நின்றது. தம்பிராசா அண்ணை கயிற்றில் கை வைத்தபடி, “ஓடாதையும் பிள்ளை, விழுந்திடுவீர், நான் விடமாட்டன்” என்றார். அப்பா போகிறபோது நான் பக்கத்தில் இருந்தேன். கண் திறந்து என்னைப் பார்த்துவிட்டுத்தான் போனார். அந்த மனிசனை நான்தான் வீட்டுக்கு அனுப்ப வேண்டும்.

பொழுது சாய்கிற நேரம் இறங்குதுறைக்குப் போனேன். அவர் கயிற்றைச் சுற்றிக்கொண்டிருந்தார்.

“ரீச்சரின்ரை கை எப்பிடியாம் பிள்ளை?”

“முறிவுக்குப் பத்துப் போட்டிருக்காம். ரூபன் விட்டிட்டுப் போகப் போறான் அண்ணை.”

“அவன் போனா ஆர் ஓட்டுறது?” என்று பதறினார். பிறகு என் முகத்தைப் பார்த்தார். கை நின்றது.

பயிற்சியில் இதற்கெல்லாம் அழகான வசனங்கள் சொல்லித் தந்திருந்தார்கள். முதலில் பாராட்டு, பிறகு குறை, பிறகு திரும்பவும் பாராட்டு. ஒன்றும் வாயில் வரவில்லை. நல்லதுக்குத்தான் வரவில்லை.

“அண்ணை, நீங்கள் நல்ல மனிசன். இந்த வேலைக்கு நீங்கள் சரிவரேல்லை.”

“இவ்வளவு காலமா எல்லாரும் நீர் முதல் சொன்னதைத்தான் சொன்னவை,” என்றார். “ரெண்டாவதை ஒருத்தரும் சொல்லேல்லை.”

பிறகு ஒன்று கேட்டார் பாருங்கள். ஏச்சாக இல்லை, உண்மையாகவே தெரியாமல் கேட்டார்.

“அப்ப உம்மடை அப்பான்ரை நாள் நான் பொறுத்தது பிழையோ?”

அடக் கடவுளே! கால் ஆடுகிற கதிரையில் நான் இருந்தது போலிருந்தது. அழுதுகொண்டுதான் மறுமொழி சொன்னேன். “அண்டைக்குப் பொறுத்தது சரி அண்ணை. சாகுமட்டும் மறக்கமாட்டன். இண்டைக்குக் கருவாட்டுக்குப் பொறுத்தது பிழை. உங்களுக்கு ரெண்டும் ஒண்டாத் தெரியுது. அதுதான் வில்லங்கம்.”

“ஓம்,” என்றார் மெதுவாக. “முகத்தைப் பாத்தா எனக்கு எல்லாம் ஒண்டுதான்.” கயிற்றை ஒழுங்காகச் சுற்றி வைத்துவிட்டு எழும்பினார். “வேறை வேலை தாறன் எண்டு மட்டும் சொல்லாதையும் பிள்ளை. அங்கையும் இதைத்தான் செய்வன். ஓய்வு எடுக்கிற வயசு எனக்கு வந்திட்டுது. ரூபனிட்டைச் சொல்லும், போக வேண்டாமாம் எண்டு.”

ஊர் என்னை ஏசியதைச் சொன்னால் விடியும். நன்றி கெட்டவள், அப்பனுக்குப் பொறுத்த கைக்குச் சோறு போடாதவள், கோதாரியில் போவாள். என் காதுபடச் சொன்னார்கள். மீன் விற்கிற மனிசி எனக்கு நல்ல மீன் தரமாட்டேன் என்றா. ஒரு மாதம் மரக்கறிதான் தின்றேன். எனக்கு முன் இருந்த பொல்லாத வாய்க்காரர் போன் பண்ணி, “வாசல் நிறைஞ்சிட்டுதோ?” என்று கேட்டுவிட்டு வைத்தார். ரூபன் சாவியைத் திருப்பித் தரவில்லை. எனக்கு அது காணும்.

கயிற்றுக்குச் சாந்தியைப் போட்டோம். இந்தா, முன்வரிசையில் இருந்து என்னைப் பார்த்து முறைக்கிற இதே சாந்திதான். முகத்தைப் பார்த்தால் இரக்கம் வரும் என்று மணிக்கூட்டையே பார்த்துக்கொண்டு நிற்கிற பிள்ளை. சோளகம் முடியுமட்டும் ஒரு நாளும் படகு பிந்தவில்லை. அன்னம்மாக்கா முதல் நாள் இரவே தலை இழுக்கப் பழகிவிட்டா.

கடல் அடங்கிய பிறகு தம்பிராசா அண்ணைக்குப் பிரியாவிடை வைத்தோம். ஊர்காவற்றுறையில் மண்டபம், மாலை, பொன்னாடை, இயக்குநர்கள் எல்லாரும் பேச்சு. அதே காலைப் படகில் எல்லாரும் குறிகாட்டுவான் போய், அங்கிருந்து பஸ்ஸில் போவதென்று ஏற்பாடு. எல்லாரும் ஏறிவிட்டோம். விழாவின் நாயகனைக் காணவில்லை!

பிறகுதான் தெரிந்தது, மனிசன் விடியவே வெளிக்கிட்டுவிட்டார். வழி நெடுக வீட்டுக்கு வீடு மறித்துத் தேத்தண்ணி கொடுத்திருக்கிறார்கள். வேண்டாம் என்று சொல்ல அவருக்கு எப்போது தெரிந்தது?

நேரம் வந்தது. கடல் கோப்பையில் ஊற்றிய தேத்தண்ணி மாதிரிக் கிடந்தது. சாந்தி மணிக்கூட்டைப் பார்த்தாள், வீதியைப் பார்த்தாள், கயிற்றில் கை வைத்தாள். “முடிச்சு இறுகிப்போச்சு அக்கா” என்றாள். பச்சைப் பொய். முறைக்காதையும் சாந்தி, எனக்கு அப்பவே தெரியும். ரூபன் திரும்பி என்னைப் பார்த்தான். சாவியை மேசையில் வைத்த அதே ரூபன். “அக்கா, கடல் சும்மாதானே கிடக்கு. ஒரு அஞ்சு நிமிசம்…” நானும் வீதியைத்தான் எட்டிப் பார்த்தேன். அப்போது வளைவில் ஒரு வெள்ளை வேட்டி தெரிந்தது. படகு முழுக்க ஒரே குரலில் கத்தியது:

“பொறுங்கோ, ஆள் வருது!”

அவர் மூச்சு வாங்க வந்து சேர்ந்தார். புது வேட்டியில் தேத்தண்ணி சிந்தியிருந்தது. நாங்கள் கை நீட்டினோம். அவர் ஏறவில்லை. நான் வாங்கிக் கொடுத்த மணிக்கூட்டைப் பார்த்தார். எங்களைப் பார்த்தார். முகம் சிவந்துவிட்டது. அந்த மனிசன் கோபித்து நான் கண்ட ஒரே நாள் அதுதான்.

“ஏன் இன்னும் நிக்கிறியள்? இதுக்குத்தானே என்னை வீட்டை அனுப்பினனீங்கள்?”

“ஏறுங்கோ அண்ணை, உங்களுக்காகத்தான்…”

“எனக்காகவோ? உங்கை கிளினிக்குக்குப் போற ஆக்கள் இருக்கினம், பஸ் பிடிக்கிற ஆக்கள் இருக்கினம். நான் மாலை போடப் போறன். இது கருவாட்டைவிடக் கேவலம்!” சாந்தியை விலக்கினார். முடிச்சு ஒரே இழுப்பில் அவிழ்ந்தது. கயிற்றைப் படகுக்குள் எறிந்துவிட்டு நிமிர்ந்து நின்றார். கை உயர்ந்தது.

ரூபன் என்னைக் கேட்கவில்லை. அந்தக் கை உயர்ந்தால் போக வேண்டும், அது முறை. படகு போனது. அவர் கையை இறக்காமல் கரையில் நின்றார்.

ஊர்காவற்றுறையில் பொன்னாடையைக் கதிரையில் போர்த்தி, மாலையை அதன் மேல் வைத்து விழாவைத் தொடங்கினோம். பார்க்கச் செத்தவீடு மாதிரியே இருந்தது. தம்பிராசா அண்ணை அடுத்த படகில் வந்து, பஸ் பிடித்து, மண்டபத்துக்குள் நுழைந்தபோது இரண்டாவது இயக்குநர்தான் பேசிக்கொண்டிருந்தார். நல்ல கதிரை போட்டால் இதுதான் நடக்கும் என்று நான் சொன்னேனோ இல்லையோ?

அவர் நேரே என்னிடம் வந்தார்.

“காலமை கிளினிக்குக்காரர் பஸ்ஸைப் பிடிச்சவையோ?”

“மட்டுமட்டாப் பிடிச்சினம் அண்ணை.”

பெருமூச்சு விட்டார். கதிரையில் கிடந்த மாலையைப் பார்த்தார். “இது ஆருக்கு? வேலை சரிவராதவனுக்கோ?”

“அந்த வேலையை இண்டைக்குக் காலமை செய்தனீங்கள் எல்லோ,” என்றேன்.

“ஒருநாள்தானே பிள்ளை.”

“அது காணும் அண்ணை. குனியுங்கோ.”

குனிந்தார். மாலையைப் போட்டேன். இரண்டாவது இயக்குநர் அப்போதும் பேச்சை நிறுத்தவில்லை.